மீ மீ லாய்: காடு மாறியது, வேஷம் மாறவில்லை

பினாங்குக்கு வேஷம் கட்டுவது பழகிப்போன விஷயம். 1992இல் வந்த 'இந்தோசீன்' படத்தில் எங்கள் ஊர் வியட்நாம். 2015இல் ஒளிபரப்பான 'இந்தியன் சம்மர்ஸ்' தொடரில் சிம்லா. திரையில் நம்ம ஊர்ச் சுவரைக் கண்டுபிடித்து "அட, இது அங்கே தானே!" என்று சந்தோஷப்படுவதோடு விட்டுவிடுவோம். ஊருக்கு வேஷம் போட்டால் சரி. ஒரு பெண்ணின் முகத்தையே இப்படி ஆசியா முழுவதற்கும் வாடகைக்கு விட்டால்?

மீ மீ லாய் பர்மாவில் பிறந்தவர். அம்மா பர்மியர், அப்பா ஆங்கிலேயர். இளவயதில் இங்கிலாந்துக்குப் போய் நடிகையானார். 1972இல் வந்த 'ஆவ் பேர் கேர்ல்ஸ்' என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைப் படத்தில் அவர் சீனப் பெண். அதே வருஷம் இத்தாலிய இயக்குநர் உம்பெர்த்தோ லென்சி தாய்லாந்தில் எடுத்த 'மேன் ஃபிரம் டீப் ரிவர்' படத்தில் பழங்குடித் தலைவரின் மகள். காட்டில் சிக்கிய வெள்ளைக்காரப் புகைப்படக்காரனை மணந்து, பிள்ளை பெற்று, செத்துப்போகிற வேஷம். இத்தாலியின் நரமாமிசப் பட வரிசை இந்தப் படத்திலிருந்துதான் தொடங்குகிறது.

1977இல் ருஜேரோ தியோதாத்தோவின் 'லாஸ்ட் கனிபல் வேர்ல்ட்'. கதை நடப்பது பிலிப்பைன்ஸின் மிண்டனாவோவில், படம் பிடித்ததோ நம் மலேசியக் காட்டில். இதில் மீ மீ லாயின் பெயர் புலான். இங்கேயும் கதாநாயகன் வெள்ளைக்காரன்தான். அவன் தப்பித்துவிடுகிறான், புலானை வெட்டித் தின்றுவிடுகிறார்கள். ஆங்கிலம் பேசி வளர்ந்த நடிகைக்கு, பார்ப்பவருக்குப் புரிகிற மாதிரி ஒரு வசனம்கூட அநேகமாக இல்லை.

1980இல் லென்சி 'ஈட்டன் அலைவ்' எடுத்தார். கதை நியூ கினியில், படப்பிடிப்பு இலங்கையில். மீ மீ லாய் மறுபடியும் காட்டுப் பெண், மறுபடியும் சாகிறார். இந்த முறை அதற்குப் புதிதாகப் படம் பிடிக்கக்கூட இல்லை. 1977 படத்தின் மரணக் காட்சியை அப்படியே வெட்டி ஒட்டினார்கள். மலேசியக் காட்டில் செத்தவர், இலங்கையில் எடுத்த படத்தில், நியூ கினிப் பெண்ணாக இரண்டாவது முறை செத்தார். பார்க்கிறவனுக்கு வித்தியாசம் தெரியாது என்று தயாரிப்பாளர் நம்பியிருக்கிறார். அந்த நம்பிக்கைதான் எனக்கு ரத்தத்தைவிட அருவருப்பாக இருந்தது. மூன்று படங்களிலும் மிருகங்களை நிஜமாகவே கொன்று படம் பிடித்திருக்கிறார்கள். இத்தனைக்கும் போஸ்டரில் காட்டுமிராண்டி என்று பெயர் வாங்குவது காட்டில் இருப்பவர்கள்தான்.

இதெல்லாம் வெள்ளைக்காரன் வேலை என்று நாம் நகர்ந்துவிட முடியாது. இலைதழை கட்டிக்கொண்டு அர்த்தமில்லாத சத்தத்தை மொழி என்று பேசும் 'காட்டுவாசி'க் கூட்டத்தைத் தமிழ்ப் படங்களில் பார்த்துச் சிரித்துத்தான் நாமும் வளர்ந்தோம். அந்தக் கூட்டத்துக்கு ஊரும் இல்லை, பேரும் இல்லை. நம் காட்டில் வாழும் ஒராங் அஸ்லிக்கு ஊரும் பேரும் மொழியும் இருக்கின்றன.

1984இல் லார்ஸ் வான் டிரியரின் முதல் முழுநீளப் படமான 'தி எலிமென்ட் ஆஃப் கிரைம்' வந்தது. அதில் மீ மீ லாயின் பெயர் கிம். காடு இல்லை, இலைதழை இல்லை, பேசுவதற்கு ஆங்கில வசனம் இருந்தது. ஆனால் அதோடு நடிப்பை விட்டுவிட்டார்.

பிறகு இங்கிலாந்தின் எசெக்ஸ் வட்டாரத்தில் போலீஸ் வேலையில் சேர்ந்தார். 1980களில் பிரிட்டனில் வன்முறை வீடியோக்களுக்கு எதிராகப் பெரிய வேட்டை நடந்தபோது, அரசுத் தரப்பு தயாரித்த பட்டியலில் அவருடைய முதல் இத்தாலியப் படமும் இருந்தது. சட்டம் சந்தேகப்பட்ட படத்தின் நாயகியே பின்னாளில் சட்டத்தின் சீருடையைப் போட்டுக்கொண்டார். 2018இல் 'மீ மீ லாய் பைட்ஸ் பேக்' என்ற ஆவணப்படம் வெளியானது. அதில் அவருக்குக் காட்டுப் பெண் பெயர் எதுவும் வைக்கவில்லை. தன் கதையைத் தன் பெயரில், தன் குரலில் அவரே சொல்கிறார். நரமாமிசப் படங்களைத் தேடிப் பார்க்கும் நண்பர்களுக்கு நான் சொல்வது: முதலில் இதைப் பாருங்கள்.