கோட்டைக்குள் ஒரு வாடிவீடு

வாடி என்றதும் எனக்கு மூக்கில் ஏறுவது முல்லைத்தீவுக் கரையின் கருவாட்டு வாசம். நாலு தடி, கொஞ்சம் கிடுகு; பருவம் முடிந்தால் பிரித்துக் கட்டிக்கொண்டு போய்விடலாம். அந்தச் சொல்லையே வீட்டோடு ஒட்டி, வெள்ளைக்கார அதிகாரிகள் வழியில் தங்கிப்போகக் கட்டியதை வாடிவீடு என்றார்கள். பூநகரியில் அது பிறந்தது கோட்டைக்குள்.

கோட்டை போர்த்துக்கேயர் கட்டியது. ஒரு பக்கம் ஏறத்தாழ 30 மீற்றர்தான். சதுரம், எதிரெதிர் மூலைகள் இரண்டில் மட்டும் கொத்தளம். யாழ்ப்பாணத்தில் சில வளவுகள் இதைவிட அகலம். ஆனால் மண்சுவரும் ஓலைக்கூரையுமாகக் கிடந்த நாட்டில் முருகைக்கல்லால் எழுந்த மதில் கண்ணை உறுத்தியிருக்கும். உறுத்தத்தானே கட்டினார்கள். கடனீரேரிக்கு அப்பால் யாழ்ப்பாணம், இப்பால் வன்னிக் காடு, நடுவே இறங்குதுறை. 1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த ஒல்லாந்தருக்கு வன்னிச் சிற்றரசர்களான வன்னியர் கட்ட வேண்டிய திறை யானை. திறை ஒழுங்காக வராத வன்னியை ஒரு கண் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது. 1770இல் கோட்டையைப் பெருப்பித்துக் காவலும் வைத்தார்கள்.

1795இல் ஆங்கிலேயர் வந்தார்கள். வன்னி அவர்களுக்கும் லேசில் அடங்கவில்லை. 1803 ஓகஸ்டில் வன்னிச் சிற்றரசன் பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையைப் பிடித்தான். அதே ஆண்டு ஒக்டோபர் 31இல் அவனைத் தோற்கடித்ததாகக் கற்சிலைமடுவில் பிற்பாடு கல்லும் நட்டார்கள். அடுத்து 1805. பூநகரிக் கோட்டைக்குள் வாடிவீடு வருகிறது. பீரங்கிக்கு வேலை குறைந்த இடத்தில் கட்டிலும் குசினியும். வன்னி கைக்குள் வந்துவிட்டது என்று வெள்ளைக்காரன் நம்பியதற்கு அந்தக் கல்லைவிட இந்தக் கட்டில்தான் நல்ல சாட்சி என்பேன்.

நூறு வருசம் கழித்து, 1905இல், ரயில் கிளிநொச்சி, ஆனையிறவு வழியாக யாழ்ப்பாணம் போய்ச் சேர்ந்தது. பூநகரி ஒதுங்கியது. மொட்டைக்கறுப்பன் நெல்லுக்குப் பெயர்போன ஊராக அது தன்பாட்டில் இருந்தது, ராணுவ முகாம் வரும்வரை. 1993 நவம்பரில் புலிகள் அந்த முகாமைத் தாக்கினார்கள். கோட்டையில் இன்று நிற்பது சிதைந்த மதில்.

கடனீரேரியைக் கடக்க, யாழ்ப்பாணப் பக்கத்துக் கேரதீவுக்கும் பூநகரிப் பக்கத்துச் சங்குப்பிட்டிக்கும் இடையே முன்பு ‘பாதை’ ஓடியது. மிதவைப் படகுக்கு எங்கள் பக்கத்துப் பெயர் அது. 2011 ஜனவரியில் பாலம் திறந்தார்கள். யாழ்ப்பாணத்தில் ஏறினால் மன்னாரில் இறங்கலாம். பூநகரியில் இராத்தங்க வேண்டிய தேவை இப்போது ஒருவருக்கும் இல்லை.