படம்பிடித்த நாளும் தொகுத்த நாளும்: ஜோனாஸ் மேகாஸின் நாட்குறிப்புத் திரைப்படங்கள்

ஜோனாஸ் மேகாஸ் கண்டதை அக்கணமே பதிந்தார், அன்றாட வாழ்வை அப்படியே தந்தார் என்று பாராட்டுவது வழக்கமாகிவிட்டது. இது பாதி உண்மைதான். படம்பிடித்த நாளுக்கும் தொகுத்த நாளுக்கும் இடைப்பட்ட காலமே அவருடைய படங்களுக்குப் பொருள் தருகிறது என்பது என் வாதம்.

1922இல் லித்துவேனியச் சிற்றூர் ஒன்றில் பிறந்த மேகாஸ், ஜெர்மனியில் கட்டாய உழைப்பு முகாமிலும் பின்னர் அகதி முகாம்களிலும் இருந்து, 1949இல் தம்பி அடோல்ஃபாசுடன் நியூயார்க் சேர்ந்தார். விரைவிலேயே போலெக்ஸ் கேமரா ஒன்றை வாங்கினார். சாவி முறுக்கி இயக்கும் 16 மி.மீ. கருவி அது. ஒரு முறுக்குக்கு அரை நிமிடம்கூட ஓடாது. ஒற்றைச் சட்டகமாகவும் பதியலாம். 1969இல் வந்த ‘வால்டன்’ படத்தில் திருமணங்களும் தெருக்களும் பனிக்காலப் பூங்காவும் கண்ணிமைப்பில் வந்து மறைவதற்கு இக்கருவியும் காரணம். கேமராவுக்குள்ளேயே வேகத்தையும் ஒளியையும் மாற்றி எடுத்த காட்சிகள் அவை. அக்கணப் பதிவு என்ற கருத்துக்கு இதைவிட வலுவான சான்று இல்லை.

ஆனால் ‘லாஸ்ட் லாஸ்ட் லாஸ்ட்’ படத்தை அக்கருத்தால் விளக்க முடியாது. 1949 முதல் 1963 வரை எடுத்த காட்சிகள் 1976இல்தான் படமாயின. புரூக்ளினின் வில்லியம்ஸ்பர்க்கில் கூடும் லித்துவேனிய அகதிகளை இளைஞரான மேகாஸ் படம்பிடிக்கிறார். அவர்கள் தாயகம் திரும்பும் நாளுக்காகக் காத்திருப்பவர்கள். அக்காட்சிகளின் மேல் ஒலிப்பதோ ஐம்பதைக் கடந்தவரின் குரல். அந்தக் காத்திருப்பு என்னவாயிற்று என்பதை அறிந்த குரல். காட்சியில் நம்பிக்கை இருக்கிறது, குரலில் இழப்பு இருக்கிறது. பார்வையாளர் இரண்டையும் ஒருசேரப் பெறுகிறார். எழுதிய நாட்குறிப்பில் இதற்கு இணையான அனுபவம் அரிது.

2000இல் வந்த, ஏறத்தாழ ஐந்து மணி நேரப் படம் ஒன்றில் மேகாஸ் இன்னும் துணிகிறார். முப்பதாண்டுக் குடும்பக் காட்சிகளைத் தேதிவாரியாக அடுக்க முயன்று கைவிட்டதாகவும், கைக்குக் கிடைத்த வரிசையிலேயே கோத்ததாகவும் படத்திலேயே சொல்கிறார். நாட்குறிப்பின் முதுகெலும்பான தேதியே அங்கு விலகிவிடுகிறது. தொகுப்பவரின் குரல்தான் அனைத்தையும் இணைக்கிறது.

நிகழ்ந்த காலத்துக்கும் பேசும் குரலுக்கும் இடையிலான இந்த இடைவெளி ஆபத்தில்லாததும் அன்று. அவருடைய போர்க்கால வாழ்வு குறித்து 2018இல் வரலாற்றாய்வாளர் ஒருவர் எழுப்பிய கேள்விகள் கடும் விவாதமாயின. கேமரா வாங்குவதற்கு முந்தைய அந்த ஆண்டுகளுக்கு அவர் எடுத்த காட்சிகள் இல்லை. பின்னாளில் பேசிய சொற்களே உண்டு. அச்சொற்களைக் காட்சிகளுக்கு நிகரான சான்றாகக் கொள்வது பிழை.

ஆகவே ஆய்வாளர்களுக்கு ஒரு வேண்டுகோள்: மேகாஸின் காட்சிகளை மேற்கோள் காட்டும்போது வெளியான ஆண்டோடு நில்லாமல், படம்பிடித்த ஆண்டையும் குரல் பதிந்த ஆண்டையும் தனித்தனியே குறியுங்கள்.