பின்பால், டேவ், ஃப்ளாஷ் கேம்கள்: நிறுத்தப்பட்ட பழைய கேம்களைப் புது கம்ப்யூட்டரில் ஓட வைப்பது எப்படி?

ஊருக்குப் போன இடத்தில் பீரோவுக்குள் ஒரு பழைய சிடி பவுச் கிடைக்கிறது. அல்லது பத்து வருஷமாகத் தொடாத ஒரு ஹார்ட் டிஸ்க். உள்ளே நீங்கள் ஸ்கூல் படிக்கும்போது மணிக்கணக்கில் விளையாடிய கேம் இருக்கிறது. ஆசையோடு டபுள் கிளிக் செய்தால், இந்த ஆப் உங்கள் கம்ப்யூட்டரில் இயங்காது என்று விண்டோஸ் 11 ஒரே வரியில் முடித்துவிடுகிறது.

அடுத்து நம்மில் பலர் செய்வது ஒன்றுதான். கேமின் பெயரோடு 'ஃப்ரீ டவுன்லோட்' என்று சேர்த்துத் தேடுவோம். முதலில் வரும் ஏதோ ஒரு தளத்தில் பச்சை நிற பட்டனை அழுத்துவோம். ஆன்டிவைரஸ் எச்சரித்தால், 'பழைய கேம்னா அப்படித்தான் காட்டும்' என்று அதை ஆஃப் செய்வோம். பேங்க் ஆப்பும் ஆபீஸ் மெயிலும் இருக்கிற அதே லேப்டாப்பில்.

இதற்கெல்லாம் அவசியமே இல்லை. பெரும்பாலான பழைய கேம்களை ஓட வைக்க முடியும். முதலில் தெரிய வேண்டியது, உங்கள் கேம் எந்த இடத்தில் மாட்டிக்கொண்டு நிற்கிறது என்பதுதான்.

பழைய கேம் ஏன் ஓட மாட்டேங்குது?

ஐந்து காரணங்களில் ஒன்றாக இருக்கும்.

1. அது டாஸ் காலத்து கேம். இன்றைய விண்டோஸுக்குள் டாஸ் கிடையாது.

2. அது 16 பிட் புரோகிராம். 64 பிட் விண்டோஸில் 16 பிட் புரோகிராம் ஓடாது. விண்டோஸ் 11 64 பிட்டாக மட்டுமே வருகிறது.

3. கேம் ஓடும், ஆனால் சிடியில் இருந்த காப்பிப் பாதுகாப்பு ஓடாது.

4. கேம் ஃப்ளாஷில் எழுதப்பட்டது. ஃப்ளாஷ் பிளேயரே இப்போது இல்லை.

5. கேம் ஒரு சர்வரை நம்பி இருந்தது. அந்த சர்வரை மூடிவிட்டார்கள்.

முதல் நான்குக்கும் வழி இருக்கு. ஐந்தாவதுக்குப் பெரும்பாலும் இல்லை. மேக் வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு தடையும் உண்டு: 2019-ல் வந்த கேட்டலினா பதிப்பிலிருந்து மேக் ஓஎஸ் 32 பிட் ஆப்களையே ஏற்பதில்லை.

பின்பாலுக்கு என்ன ஆச்சு?

விண்டோஸ் எக்ஸ்பியில் வந்த '3டி பின்பால்: ஸ்பேஸ் கேடட்' ஞாபகம் இருக்கிறதா? இது மைக்ரோசாஃப்ட் எழுதிய கேம் இல்லை. சினிமாட்ரானிக்ஸ் என்ற நிறுவனம் உருவாக்கியது. 1995-ல் மைக்ரோசாஃப்ட்டின் 'பிளஸ்' தொகுப்பில் வந்து, பிறகு விண்டோஸ் என்டி 4.0, 2000, எம்இ, எக்ஸ்பி எனத் தொடர்ந்தது. விஸ்டாவில் காணாமல் போனது.

ஏன் என்பதை மைக்ரோசாஃப்ட் இன்ஜினியர் ரேமண்ட் சென் 2012-ல் எழுதினார். 64 பிட்டுக்கு மாற்றியபோது, பந்து எதில் மோதுகிறது என்று கணக்கிடும் பகுதி கெட்டுப்போனது. பந்து ஆவி மாதிரி பொருட்களுக்கு உள்ளே புகுந்து வெளியே போனது. கோட் வெளியிலிருந்து வாங்கியது, விளக்கக் குறிப்புகளும் இல்லை. கடைசியில் கேமையே எடுத்துவிட்டார்கள்.

இதில் சுவாரஸ்யம் என்னவென்றால், எக்ஸ்பியில் இருந்த 32 பிட் பின்பால் இன்றைக்கும் விண்டோஸ் 11-ல் ஓடும். புது விண்டோஸோடு சேர்த்துத் தருவதைத்தான் நிறுத்தினார்கள். நிறுத்தப்பட்ட சாஃப்ட்வேர் எல்லாம் ஓடாத சாஃப்ட்வேர் என்று நினைத்துவிட வேண்டாம்.

உங்கள் பழைய எக்ஸ்பி கம்ப்யூட்டரின் ஹார்ட் டிஸ்க் இருந்தால், சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸ், அதற்குள் விண்டோஸ் என்டி, அதற்குள் பின்பால் என்ற ஃபோல்டரைப் பாருங்க. எக்ஸ்இ ஃபைலை மட்டும் எடுத்தால் போதாது. படங்களும் சத்தங்களும் தனித்தனி ஃபைல்களாக இருக்கும். ஃபோல்டரை முழுசாக காப்பி பண்ணி, டாக்குமென்ட்ஸுக்குள் வைத்துத் திறங்க. இன்ஸ்டால் எதுவும் தேவையில்லை.

எந்த கேமுக்கு எந்த வழி?

*விண்டோஸ் 95 முதல் எக்ஸ்பி வரையிலான கேம்கள்:* ஃபைல் மேல் ரைட் கிளிக் செய்து, பிராப்பர்ட்டீஸில் 'கம்பாட்டிபிலிட்டி' பகுதிக்குப் போங்க. பழைய விண்டோஸ் பதிப்பு ஒன்றைத் தேர்வு செய்யலாம். நிறங்கள் கலங்கித் தெரிந்தால் 256 நிறம் என்ற அமைப்பையும், திரை சிதைந்தால் 640×480 என்ற அமைப்பையும் டிக் செய்யுங்க. ஒரே நேரத்தில் எல்லாவற்றையும் மாற்றாதீங்க. ஒவ்வொன்றாக மாற்றினால்தான் எது வேலை செய்தது என்று தெரியும். அப்படியும் திரை கறுப்பாகவே இருந்தால், பழைய டைரக்ட்எக்ஸ் கட்டளைகளை இன்றைய கிராஃபிக்ஸ் கார்டுக்குப் புரிகிற மாதிரி மாற்றித் தரும் டிஜிவூடூ 2 என்ற இலவசக் கருவி உதவும்.

சில சமயம் கேம் 32 பிட்டாகவும், அதை இன்ஸ்டால் செய்யும் செட்டப் மட்டும் 16 பிட்டாகவும் இருக்கும். தொண்ணூறுகளின் சிடிக்களில் இது சகஜம். செட்டப் திறக்கவில்லை என்பதற்காக கேமே போச்சு என்று முடிவு கட்ட வேண்டாம். முன்பே இன்ஸ்டால் ஆன ஃபோல்டர் பழைய டிஸ்க்கில் இருந்தால், அதை அப்படியே காப்பி செய்து பாருங்க.

*டாஸ் கேம்கள்:* ஜான் ரொமேரோவின் 'டேஞ்சரஸ் டேவ்', ஜோர்டன் மெக்னரின் 'பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா' போன்றவை இந்த வகை. இதற்கு டாஸ்பாக்ஸ் என்ற இலவச, ஓப்பன் சோர்ஸ் மென்பொருள் போதும். டாஸ் ஓடும் ஒரு பழைய கம்ப்யூட்டரையே உங்கள் விண்டோஸுக்குள் அது நடித்துக் காட்டுகிறது. கேம் ஃபோல்டரை டாஸ்பாக்ஸ் ஐகான் மேல் இழுத்துப் போட்டால், அதுவே சி டிரைவாகத் திறக்கும். பிறகு கேமின் ஃபைல் பெயரை டைப் செய்து என்டர் தட்டினால் போதும். கேம் தலைதெறிக்க ஓடினால் கன்ட்ரோலுடன் எஃப்11, தவழ்ந்தால் கன்ட்ரோலுடன் எஃப்12.

இன்ஸ்டால் செய்யவே வேண்டாம் என்றால், இன்டர்நெட் ஆர்க்கைவ் தளத்தில் ஆயிரக்கணக்கான டாஸ் கேம்கள் பிரௌசரிலேயே ஓடுகின்றன. 2015 தொடக்கத்திலிருந்து இந்த வசதி இருக்கு.

*விண்டோஸ் 3.1 காலத்து 16 பிட் கேம்கள்:* ஓடிவிடிஎம் அல்லது வைன்விடிஎம் என்று அழைக்கப்படும் ஓப்பன் சோர்ஸ் கருவி, 64 பிட் விண்டோஸில் 16 பிட் புரோகிராம்களை ஓட வைக்கிறது. அதற்கு முன்னால், கேமை உருவாக்கியவரே புதுப் பதிப்பு தந்திருக்கிறாரா என்று பாருங்க. பனிச்சறுக்கில் ஒரு ராட்சச உருவம் துரத்துமே, அந்த 'ஸ்கீஃப்ரீ' 1991-ல் மைக்ரோசாஃப்ட்டின் என்டர்டெயின்மென்ட் பேக்கில் வந்தது. அதை எழுதிய கிறிஸ் பிரிஹ் பழைய சோர்ஸ் கோடைத் தேடி எடுத்து, 32 பிட் பதிப்பாகத் தன் தளத்திலேயே இலவசமாகக் கொடுத்தார்.

*ஃப்ளாஷ் கேம்கள்:* அடோபி 2020 டிசம்பர் 31-ம் தேதி ஃப்ளாஷ் பிளேயருக்கான ஆதரவை நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் ஃப்ளாஷ் பிளேயரே ஃப்ளாஷை ஓட்ட மறுத்தது. இப்போது யாராவது 'ஃப்ளாஷ் பிளேயரை அப்டேட் பண்ணுங்க' என்று பாப்-அப் காட்டினால், அது மோசடி என்றே வைத்துக்கொள்ளுங்க. நல்ல வழிகள் இரண்டு. ஒன்று, ரஃபிள் என்ற எமுலேட்டர். பிரௌசரில் எக்ஸ்டென்ஷனாகச் சேர்த்துக்கொள்ளலாம். இன்னொன்று, ஃப்ளாஷ்பாயின்ட். 2018-ல் தொடங்கிய இந்தத் தன்னார்வலர் திட்டம் 2 லட்சத்துக்கும் மேற்பட்ட வெப் கேம்களையும் அனிமேஷன்களையும் சேமித்திருக்கிறது. இதன் 'இன்ஃபினிட்டி' பதிப்பை எடுத்தால், விளையாட நினைக்கும் கேம் மட்டும் அப்போதைக்கு டவுன்லோட் ஆகும்.

*காசு கொடுத்து வாங்கிய சிடி கேம்கள்:* 2000-களின் பல சிடிக்களில் சேஃப்டிஸ்க் என்ற காப்பிப் பாதுகாப்பு இருந்தது. பாதுகாப்பு ஓட்டை காரணமாக விண்டோஸ் 10 அதை முற்றிலும் கைவிட்டது. விண்டோஸ் 7, 8-லும் 2015 செப்டம்பர் அப்டேட் அதை முடக்கியது. அதாவது, ஒரிஜினல் வாங்கியவர்தான் இங்கே மாட்டிக்கொள்கிறார். அதே கேமை காப்பிப் பாதுகாப்பு நீக்கி ஸ்டீம் அல்லது ஜிஓஜி கடைகளில் விற்கிறார்களா என்று பாருங்க. தள்ளுபடி நேரத்தில் ஒரு டீ, பஜ்ஜி விலைக்கே சில பழைய கேம்கள் கிடைக்கும்.

*ஆன்லைன் கேம்கள்:* விண்டோஸில் இருந்த இன்டர்நெட் பேக்கமன், இன்டர்நெட் ஸ்பேட்ஸ், இன்டர்நெட் செக்கர்ஸ் நினைவிருக்கலாம். எக்ஸ்பிக்கான சர்வர்களை மைக்ரோசாஃப்ட் 2019 ஜூலை 31-லும், விண்டோஸ் 7-க்கானதை 2020 ஜனவரி 22-லும் மூடியது. ஃபைல்கள் உங்களிடம் இருந்தாலும் எதிர்முனையில் யாரும் இல்லை. ரசிகர்கள் சொந்தமாக சர்வர் எழுதினால் மட்டுமே இவை உயிர் பெறும்.

டவுன்லோட் செய்யும் முன் என்ன பார்க்க வேண்டும்?

பழைய கேம் தேடுபவர்களிடம் மால்வேர்காரர்களுக்கு ஒரு வசதி இருக்கிறது. நீங்களே எச்சரிக்கையைப் புறக்கணிக்கத் தயாராக வருகிறீர்கள். அதனால் சில விதிகள்:

• ஆபீஸ் லேப்டாப்பில் இந்த வேலையே வேண்டாம். அட்மின் அனுமதி இருந்தாலும் வேண்டாம்.

• சில எம்பி இருக்க வேண்டிய கேமுக்குத் தனி 'டவுன்லோடர்' அல்லது 'இன்ஸ்டாலர்' கேட்கும் தளத்தை மூடிவிடுங்க.

• ஃபைலைத் திறக்கும் முன் வைரஸ்டோட்டல் தளத்தில் ஏற்றிப் பாருங்க. பல ஆன்டிவைரஸ் நிறுவனங்களின் முடிவு ஒரே இடத்தில் தெரியும். ஒன்றிரண்டு மட்டும் சந்தேகப்பட்டால் தவறான எச்சரிக்கையாக இருக்கலாம். இருபது, முப்பது சிவப்பு காட்டினால் டெலீட் பண்ணுங்க.

• ஆன்டிவைரஸை ஆஃப் செய்யச் சொல்லும் வழிகாட்டியை நம்பாதீங்க.

• விண்டோஸ் புரோ பதிப்பு என்றால், 'விண்டோஸ் சேண்ட்பாக்ஸ்' வசதியை ஆன் செய்து அதற்குள் முதலில் ஓட்டிப் பார்க்கலாம். மூடியதும் உள்ளே நடந்த எல்லாம் அழிந்துவிடும். ஹோம் பதிப்பில் இது இல்லை. அதற்கு இலவசமான விர்ச்சுவல்பாக்ஸ் இருக்கு.

சட்டம் என்ன சொல்கிறது?

'அபாண்டன்வேர்' என்ற சொல்லை நிறைய தளங்களில் பார்ப்பீர்கள். நிறுவனம் கைவிட்ட சாஃப்ட்வேர், யார் வேண்டுமானாலும் எடுக்கலாம் என்பது அதன் அர்த்தம். இந்தியச் சட்டத்தில் அப்படி ஒரு வகையே கிடையாது.

1957-ம் ஆண்டின் காப்புரிமைச் சட்டப்படி கம்ப்யூட்டர் புரோகிராம் ஓர் இலக்கியப் படைப்பு. நாவலுக்கு உள்ள பாதுகாப்புதான் இதற்கும்: ஆசிரியரின் வாழ்நாள், அதன்பின் 60 ஆண்டுகள். விற்பனையை நிறுத்தியதால் உரிமை போய்விடாது. திருட்டு காப்பி என்று தெரிந்தே பயன்படுத்தினால், பிரிவு 63பி-ன் கீழ் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. வியாபார நோக்கம் இல்லையென்றால், சிறை இல்லாமல் 50,000 ரூபாய் வரை அபராதத்தோடு நீதிமன்றம் விடலாம்.

உங்களுக்குச் சாதகமான பகுதியும் இருக்கிறது. முறைப்படி உங்கள் கையில் உள்ள புரோகிராம் அழிந்துவிடாமல் இருக்க பேக்-அப் காப்பி எடுப்பதைப் பிரிவு 52 அனுமதிக்கிறது. பீரோவில் கிடைத்தது ஒரிஜினல் சிடி என்றால், அதை ஐஎஸ்ஓ ஃபைலாக மாற்றி வைத்துக்கொள்வது உங்கள் உரிமை.

ஒரு கேமுக்காக இவ்வளவு தேவையா?

வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷனும் சாஃப்ட்வேர் பிரிசர்வேஷன் நெட்வொர்க்கும் 2023 ஜூலையில் ஓர் ஆய்வை வெளியிட்டன. 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளியான கேம்களில் 87 சதவீதம் இன்று விற்பனையிலேயே இல்லை. எட்டில் ஏழு. காசு கொடுக்கத் தயாராக இருந்தாலும் கடையில் கிடைக்காது. நூலகங்கள் இவற்றை ஆய்வாளர்களுக்குத் தொலைவிலிருந்து தர அனுமதி கேட்டபோது, அமெரிக்கக் காப்புரிமை அலுவலகம் 2024-ல் மறுத்துவிட்டது.

ஆக, பல கேம்களின் கடைசி நல்ல காப்பி, யாரோ ஒருவர் வீட்டு அலமாரியில் இருக்கும் சிடிதான். எழுதக்கூடிய சிடிக்கள் வெயிலிலும் ஈரத்திலும் சீக்கிரம் கெடும். புது லேப்டாப்களில் சிடி டிரைவும் வருவதில்லை.

அதனால் கேமை ஓட வைப்பதற்கு முன் ஒரு வேலை செய்யுங்க. யுஎஸ்பி டிவிடி டிரைவ் ஒன்றை யாரிடமாவது இரவல் வாங்கி, அந்த பவுச்சில் உள்ள ஒரிஜினல் சிடிக்களை ஐஎஸ்ஓ ஃபைலாக எடுத்து, இரண்டு இடங்களில் சேமித்து வைங்க. டபுள் கிளிக் செய்தால் விண்டோஸே அதைச் சிடி போலத் திறக்கும். எப்படி ஓட வைப்பது என்பதை அடுத்த வாரம்கூட பார்த்துக்கொள்ளலாம். கீறல் விழுந்த சிடிக்கு அடுத்த வாரம் இருக்குமா என்பது தெரியாது.