போர் வேண்டாம் என்று சொன்னால் ஜெயில்! 1940 தனிநபர் சத்தியாக்கிரகம் என்றால் என்ன?

உயிரைக் கொல்ல மதம் அனுமதிக்காது என்று சொல்லி ராணுவத்தில் சேர மறுப்பவர்கள் பல நாடுகளில் உண்டு. இரண்டாம் உலகப் போரின்போது கட்டாய ஆள்சேர்ப்பு இருந்த பிரிட்டனில் சுமார் 60,000 பேர் மனசாட்சியைக் காரணம் காட்டி விலக்கு கேட்டார்கள். இந்தியாவில் கட்டாய ஆள்சேர்ப்பே கிடையாது. ஆனாலும் போரை எதிர்த்து 20,000-க்கும் மேற்பட்டோர் சிறைக்குப் போனார்கள். ஏன்?

எப்படித் தொடங்கியது?

1939 செப்டம்பர் 3-ம் தேதி, இந்தியத் தலைவர்கள் யாரையும் கேட்காமலே இந்தியாவும் போரில் இருப்பதாக அறிவித்தார் வைஸ்ராய் லின்லித்கோ. போருக்கு எதிராகப் பேசினாலே வழக்கு பாய்ந்தது.

காந்தி என்ன செய்தார்?

அகிம்சை காந்திக்கு வெறும் அரசியல் உத்தி அல்ல, தர்மம். ஆனால் போரில் சிக்கியிருந்த பிரிட்டனுக்குப் பெரிய நெருக்கடி கொடுக்கவும் அவர் விரும்பவில்லை. அதனால் கூட்டம் சேர்க்காமல், ஒவ்வொருவராக அனுப்பினார்.

எங்கே, எப்போது பேசப்போகிறோம் என்று அதிகாரிகளுக்கு முன்பே தகவல் கொடுக்கணும். ஆள் கொடுத்தோ பணம் கொடுத்தோ போருக்கு உதவுவது தவறு என்று பொது இடத்தில் சொல்லணும். கைது செய்தால் எதிர்க்கக் கூடாது. அவ்வளவுதான்.

1940 அக்டோபர் 17-ல் பவுனாரில் முதலில் பேசியவர் வினோபா பாவே. அடுத்த ஆள் நேரு. அவருடைய முறை வருவதற்கு முன்பே கைதானார். 4 ஆண்டு தண்டனை.

தமிழ்நாட்டில் யார் யார்?

ராஜாஜி 1940 டிசம்பரில் கைதாகி, ஓராண்டு தண்டனை பெற்றார். சத்தியாக்கிரகிகள் பட்டியலுக்கு ஒப்புதல் வாங்க வார்தா கிளம்பிய காமராஜர், வழியில் குண்டூரில் கைதாகி வேலூர் சிறைக்குப் போனார்.

திருப்பூருக்கு என்ன தொடர்பு?

சத்தியாக்கிரகிகள் ராட்டையில் நூல் நூற்பவர்களாக இருக்கணும் என்பது காந்தியின் நிபந்தனை. மூலனூர், தாராபுரம் வட்டாரம் இன்று பனியன் தொழிலுக்குப் பெயர்பெற்ற திருப்பூர் மாவட்டத்தில் இருக்கிறது. அந்தத் திருப்பூர் அப்போது கதருக்குப் பெயர்போன ஊர்.

எல்லோருக்கும் ஒரே காரணமா?

இல்லை. தேசிய அரசு அமைந்தால் போருக்கு உதவலாம் என்று 1940 ஜூலையில் வாதாடியவரே ராஜாஜி. பலருக்கு இது சுதந்திரப் பிரச்சினை. காந்திக்கும் வினோபாவுக்கும் எந்தப் போருமே பாவம்.

பலன் என்ன?

ராணுவத்தில் ஆள் சேர்வது நிற்கவில்லை. போர் முடியும்போது இந்திய ராணுவத்தில் சுமார் 25 லட்சம் பேர் இருந்தார்கள். சத்தியாக்கிரகிகள் பலர் 1941 டிசம்பரில் விடுதலையானார்கள். ஆனால், ஒரு நாட்டைக் கேட்காமலே அதைப் போரில் இறக்கலாமா என்ற அவர்களின் கேள்விக்கு பிரிட்டிஷ் அரசு தந்த ஒரே பதில் சிறைதான்.