குடியேற்ற நிலமும் தேர்தல் அரசியலும்: வீ. ஆனந்தசங்கரியின் தொடக்ககால அரசியல் பற்றிய ஒரு நோக்கு

ஈழத்துத் தமிழர் அரசியல் வரலாற்றை யாழ்ப்பாணத்துச் சட்டத்தரணிகளின் வரலாறாக எழுதும் வழக்கம் நெடுங்காலமாக நம்மிடையே உண்டு. வன்னியின் குடியேற்றக் கிராமங்களில் உருவான அரசியல் அவ்வழக்கினுள் அடங்குவதில்லை. கிளிநொச்சியின் உள்ளூராட்சியிலிருந்து பாராளுமன்றம் சென்ற வீ. ஆனந்தசங்கரியை நாம் இங்கு ஆய்வுக்கு எடுத்துக்கொள்வது இது பற்றியே.

1933இற் பிறந்த அவர் ஆசிரியராகத் தொழில் புரிந்தவர். 1955 முதல் லங்கா சமசமாஜக் கட்சியில் இயங்கியவர். 1960இல் நடைபெற்ற இரு பொதுத் தேர்தல்களிலும், 1965இலும் அக்கட்சியின் சார்பிற் கிளிநொச்சியிற் போட்டியிட்டுத் தோற்றார். 1965இல் வென்ற தமிழரசுக் கட்சி வேட்பாளர் தமிழறிஞர் கா. பொ. இரத்தினம். மொழிப்பிரச்சினை வயல்வரம்பு வரை வந்துவிட்டிருந்தது.

எனினும் மொழியுணர்வு மட்டுமே இத்தோல்விகளுக்குக் காரணமன்று. இரணைமடு, அக்கராயன் ஆகிய குளங்களின் கீழ்க் குடியேறியோர் அரசின் அனுமதிப்பத்திரத்தில் நிலம் பெற்ற சிறு விவசாயிகள். அவர்தம் வயல்களிற் கூலிக்கு உழைத்தோருள் மலையகத்திலிருந்து வந்தோரும் இருந்தனர். 1948, 1949ஆம் ஆண்டுச் சட்டங்கள் அவர்களுட் பெரும்பாலோரை வாக்காளர் இடாப்பிலிருந்து அகற்றியிருந்தன. இடதுசாரிகளுக்கு இயல்பான தளமாக அமைந்திருக்க வேண்டிய வர்க்கத்தின் ஒரு பகுதிக்கு வாக்கே இருக்கவில்லை.

1965இற் கரைச்சிக் கிராமசபைத் தலைவராகவும் 1968இற் கிளிநொச்சிப் பட்டினசபைத் தலைவராகவும் அவர் பதவியேற்றார். யாழ்ப்பாணத்து மேயரின் அங்கியும் ஆடம்பரமும் இப்பதவிக்கு இல்லை. சந்தை, ஒழுங்கை, வடிகால் ஆகியனவே அதன் எல்லை. குடியேற்றவாசியின் வாழ்வைத் தீர்மானித்த நிலமும் நீரும் யாழ்ப்பாணக் கச்சேரியின் கையிலும் நீர்ப்பாசனத் திணைக்களத்தின் கையிலும் இருந்தன. ஆகவே உள்ளூரிற் செல்வாக்குப் பெற்றவரைக் கொழும்புக்கு அனுப்பும் தேவை அம்மக்களுக்கு இருந்தது.

இதற்கிடையில், 1966இல், அவர் தமிழ்க் காங்கிரசிற் சேர்ந்துவிட்டார். இதனைத் தனிமனித சந்தர்ப்பவாதமெனக் கூறி அமைதல் எளிது, போதியதன்று. 1956இற் சிங்களத்துக்கும் தமிழுக்கும் சம அந்தஸ்து கோரிய சமசமாஜக் கட்சி, 1964இல் சிறீமாவோ அரசிற் பங்குகொண்டு, 1966 சனவரியில் தமிழ்மொழி விதிகளை எதிர்த்து வீதியில் இறங்கியது. அதன்பின் தமிழ்ப் பிரதேசத்தில் அக்கட்சியின் பெயரால் வாக்குக் கேட்பது எவருக்கும் அரிதாயிற்று. ஆயினும் அவர் சென்றடைந்த கட்சி எது? மலையகத் தொழிலாளரைப் பாதித்த 1949ஆம் ஆண்டுச் சட்டத்தை ஆதரித்த ஜீ. ஜீ. பொன்னம்பலத்தின் கட்சி. இம்முரண்பாட்டை மூடி மறைத்தல் ஆய்வாளர்க்கு அழகன்று.

1970இல் அவர் கிளிநொச்சியில் வென்றார். காங்கிரஸ் பெற்ற ஆசனங்கள் மூன்றே, பொன்னம்பலமே தோற்றார். ஏனைய இரு உறுப்பினரான அருளம்பலமும் தியாகராஜாவும் அரசின் பக்கம் சாய்ந்து 1972ஆம் ஆண்டு யாப்பை ஆதரித்தனர். கிளிநொச்சி உறுப்பினர் சாயவில்லை. சிங்களத்தை மட்டுமே அரசகரும மொழியாக்கிய அந்த யாப்பை வரைந்த அமைச்சர் கொல்வின் ஆர். டி சில்வா, அவரது பழைய கட்சியின் தலைவர்களுள் ஒருவர். மறுபுறம், அதே அரசின் இறக்குமதிக் கட்டுப்பாடுகள் மிளகாய், வெங்காயச் செய்கையாளருக்கு நல்ல விலை தந்தன. வன்னி விவசாயி பொருளாதாரத்தில் அவ்வரசாற் பயனடைந்து, அரசியலில் அதனை எதிர்த்தான்.

1977இற் கூட்டணி வேட்பாளராக மீண்டும் வென்ற அவர், ஆறாம் திருத்தச் சத்தியத்தை மறுத்த ஏனைய கூட்டணியினரைப் போன்று 1983இல் ஆசனம் இழந்தார். 2000, 2001 தேர்தல்களில் யாழ்ப்பாண மாவட்டத்திலிருந்து அவர் மீளத் தெரிவானது வேறோர் அரசியற் சூழலுக்குரியது.

பட்டினசபைகளும் கிராமசபைகளும் 1981இல் ஒழிக்கப்பட்டன. கிளிநொச்சி நகரம், அக்கராயனைப் போன்றே, கரைச்சிப் பிரதேச சபையின் நிருவாகத்தின் கீழ் வந்தது.