மரத்தடியில் சாப்பிட்டவர்களின் மைதானம்

தேவர்சோலைக்கும் சேப்பாக்கத்துக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். கூடலூர் போய், அங்கிருந்து ஊட்டி ஏறி, மேட்டுப்பாளையம் இறங்கி, இரவு ரயில் பிடித்தால்தான் சென்னை. ஆனால் அந்தக் காலத்தில் பொங்கல் சமயத்து டெஸ்ட் மேட்ச் என்றால் ஐந்து நாளும் சேப்பாக்கம் நம்மூர் டீக்கடை பெஞ்சுக்கே வந்துவிடும். டிரான்சிஸ்டரை எந்தப் பக்கம் திருப்பினால் இரைச்சல் குறையும் என்று தெரிந்தவருக்கு அந்த ஐந்து நாளும் தனி மரியாதை. முக்கியமான விக்கெட் விழும் நேரத்தில்தான் ரேடியோ கரகரவென்று மூச்சை நிறுத்தும். அது வேறு கதை.

சேப்பாக்கத்தின் ஸ்கோர்களை நம் வயதுக்காரர்கள் பலர் மனப்பாடமாகச் சொல்வார்கள். நான் எழுத நினைத்தது ஸ்கோரைப் பற்றி அல்ல, அந்த மைதானத்தின் வேலியைப் பற்றி. யார் உள்ளே உட்கார்ந்தார்கள், யார் வெளியே நின்றார்கள் என்பதுதான் அந்த மைதானத்தின் உண்மையான சரித்திரம் என்று எனக்குத் தோன்றுகிறது. ஏன் அப்படித் தோன்றுகிறது என்பதையும் சொல்கிறேன்.

முதலில் அது நவாபின் நிலம். ஆற்காட்டு நவாப் முகமது அலி வாலாஜா 1768-ல் சேப்பாக்கம் அரண்மனையைக் கட்டினார். ஸ்டேடியத்துக்குப் போகும் வாலாஜா சாலையில் இன்றும் அவர் பெயர் இருக்கிறது. 1855-ல் கடைசி நவாப் குலாம் கௌஸ் கான் பிள்ளையில்லாமல் இறந்தார். பட்டத்துக்கு வாரிசு இல்லை என்று சொல்லி வெள்ளைக்காரர்கள் அரண்மனையையும் தோட்டத்தையும் எடுத்துக்கொண்டார்கள். அரண்மனை சர்க்கார் ஆபீஸ் ஆனது. தோட்டத்தின் ஒரு பகுதிக்கு 1860-களின் நடுவில் மெட்ராஸ் கிரிக்கெட் கிளப் குடிவந்தது. 1846-ல் தொடங்கிய கிளப் அது. மைதானத்தைச் சுத்தம் செய்ய நம்மவர்கள் உண்டு, பந்து பொறுக்க நம்மவர்கள் உண்டு, உறுப்பினராக மட்டும் நம்மவர் கிடையாது.

இங்கேதான் புச்சி பாபு நாயுடு வருகிறார். துபாஷ் குடும்பத்தில் செல்வமாக வளர்ந்தவர், குதிரை சவாரியும் கிரிக்கெட்டும் தெரிந்தவர். சேப்பாக்கத்தில் ஒரு மேட்ச் பார்க்கப் போனபோது, ஆட வந்த இந்தியர்களுக்குப் பெவிலியனில் இடம் இல்லாமல், மதியச் சாப்பாட்டை மரத்தடியில் உட்கார்ந்து சாப்பிட்டதைக் கண்டாராம். மெட்ராஸ் கிரிக்கெட் சரித்திரத்தைச் சொல்கிறவர்கள் எல்லோரும் இந்த மரத்தடியைச் சொல்லாமல் விடுவதில்லை. அவர் சண்டைக்குப் போகவில்லை, மனு எழுதவில்லை. 1888-ல் மெட்ராஸ் யுனைடெட் கிளப் என்று நம்மவர்களுக்கே ஒரு கிளப்பைத் தொடங்கினார். பையன்களைச் சேர்த்தார், மட்டையும் பந்தும் உடையும் தன் செலவில் கொடுத்தார். "உங்களோடு சரிசமமாக ஒரு மேட்ச் ஆடுகிறோம், வாருங்கள்" என்று வெள்ளைக்கார கிளப்பைக் கூப்பிடும் அளவுக்கு ஆட்களைத் தயார் செய்தார்.

1908-ல் அந்த மேட்ச் முடிவாயிற்று. ஆனால் அது நடப்பதற்குள் புச்சி பாபு காலமாகிவிட்டார். மேட்ச் நிற்கவில்லை, நடந்தது. பின்னால் அதுவே இந்தியர்களுக்கும் ஐரோப்பியர்களுக்கும் இடையே பொங்கல் சமயத்தில் ஆண்டுதோறும் நடக்கும் பிரசிடென்சி மேட்ச் ஆனது. பொங்கல் என்றால் கரும்பு, மஞ்சள், சேப்பாக்கம் என்று மெட்ராஸ்காரர்களுக்கு ஒரு பழக்கம் வந்தது அதிலிருந்துதான். நாம் ரேடியோவில் கேட்ட பொங்கல் டெஸ்டுக்கு அதுதான் தாத்தா.

1934 சேப்பாக்கத்துக்குப் பெரிய வருஷம். பிப்ரவரியில் முதல் டெஸ்ட். ஜார்டின் தலைமையில் இங்கிலாந்து, சி.கே.நாயுடு தலைமையில் இந்தியா. அமர் சிங் முதல் இன்னிங்ஸில் 7 விக்கெட் எடுத்தும் நாம் 202 ரன்னில் தோற்றோம். அதே வருஷம் நவம்பர் 4-ம் தேதி ரஞ்சி கோப்பையின் முதல் மேட்சும் இங்கேதான், மெட்ராஸும் மைசூரும். முதல் பந்தை வீசியவர் எம்.ஜே.கோபாலன். ஏ.ஜி.ராம் சிங் 11 விக்கெட் எடுக்க, ஒரே நாளில் ஆட்டம் முடிந்துவிட்டது. மெட்ராஸில் வளர்ந்த சீக்கியர் அவர். அவருடைய மகன்கள் கிருபால் சிங்கும் மில்கா சிங்கும் பிறகு இந்தியாவுக்கு ஆடினார்கள்.

1952 பிப்ரவரியில் இங்கிலாந்து மறுபடி வந்தது. மேட்ச் தொடங்கிய நாளில் ஆறாம் ஜார்ஜ் மன்னர் இறந்த செய்தி வந்தது. வினூ மன்கட் முதல் இன்னிங்ஸில் 8, இரண்டாவதில் 4 என்று 12 விக்கெட் எடுத்தார். பங்கஜ் ராயும் உம்ரிகரும் சதம் அடித்தார்கள். நம்ம மெட்ராஸ்காரர் சி.டி.கோபிநாத்தும் அந்த அணியில் இருந்தார். ஒரு இன்னிங்ஸ், 8 ரன் வித்தியாசத்தில் வெற்றி. டெஸ்ட் ஆடத் தொடங்கி ஏறக்குறைய 20 வருஷம் கழித்து, 25-வது மேட்சில் இந்தியாவுக்குக் கிடைத்த முதல் வெற்றி அது. மரத்தடியில் சாப்பிட வைத்த அதே இடத்தில். பிரசிடென்சி மேட்ச் நின்றுபோனதும் அந்த வருஷம்தான். வெள்ளைக்காரர் அணி, இந்தியர் அணி என்று பிரித்து ஆடுவதற்கு இனி அர்த்தம் இருக்கவில்லை.

இதோடு வேலி போய்விட்டது என்று முடித்தால் கதை அழகாக இருக்கும். ஆனால் நான் பார்த்தது அப்படி இல்லை.

1973 என்று நினைவு. நான் தோட்டத்து ஆபீஸில் கிளார்க்காகச் சேர்ந்த புதிது. எங்கள் பக்கத்தில் ஒரு தோட்டத்து கிளப்பில் துரைமார்களுக்குள் மேட்ச். ஸ்கோர் எழுதத் தெரிந்தவன் என்று என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். வெள்ளைச் சட்டை போட்டு, பென்சிலைக் கூர்சீவிக்கொண்டு போனேன். காலையிலிருந்து ஒரு பந்து விடாமல் எழுதினேன். மதியம் சாப்பாட்டு மணி அடித்தது. எல்லோரும் உள்ளே போனார்கள். நானும் எழுந்தேன். பட்லர் வந்து, "உங்களுக்குப் பின்னாலே வெச்சிருக்கு தம்பி" என்றார். சமையல்கட்டுப் பின்படியில் ஒரு தட்டு. சாப்பாடு நல்ல சாப்பாடுதான், குறை சொல்லக் கூடாது. ஆனால் இறங்கவில்லை.

அன்று உள்ளே உட்கார்ந்திருந்தவர்களில் ஒருவர்கூட வெள்ளைக்காரர் இல்லை. எல்லோரும் நம் நாட்டவர்கள், இரண்டு பேர் தமிழ் பேசுகிறவர்கள். வேலியை வெள்ளைக்காரர் மட்டும் போட்டதில்லை என்பது எனக்கு அன்றுதான் உறைத்தது. பல்வங்கர் பாலு என்று புனாவில் ஒரு பந்துவீச்சாளர் இருந்தார். தாழ்த்தப்பட்ட சமூகத்தில் பிறந்தவர், 1911-ல் இங்கிலாந்து போய் நூறு விக்கெட்டுக்கு மேல் எடுத்தவர். அவருக்கு டீயை மட்டும் பெவிலியனுக்கு வெளியே மண் குவளையில் கொடுத்தவர்கள் அவரோடு சேர்ந்து ஆடிய நம்மவர்களே. அதைப் பிற்பாடு படித்தபோது அந்தப் பின்படி ஞாபகம் வந்தது.

வீட்டில் அப்பாவிடம் சொன்னேன். அவர் பேக்டரியில் வேலை பார்த்தவர், அதிகம் பேச மாட்டார். "ஸ்கோர் சரியா எழுதினியா?" என்று மட்டும் கேட்டார். "எழுதினேன்" என்றேன். "அப்ப சரி" என்றார்.

1975 பொங்கலுக்கு லீவு போட்டுச் சென்னை போனேன். திருவல்லிக்கேணியில் மாமா இருந்தார், அவர்தான் டிக்கெட் ஏற்பாடு செய்தார். 11-ம் தேதி காலை நடந்தே போய்விட்டோம். நான் முதல்முதலாக சேப்பாக்கத்தின் உள்ளே நுழைந்தேன். நடுவில் ஆளே இல்லாத அந்தப் பச்சையைப் பார்த்ததும் ஒரு நிமிஷம் பேச்சு வரவில்லை. நம் தேயிலைக்காட்டுப் பச்சை வேறு, அது வேறு.

ஆண்டி ராபர்ட்ஸின் பந்து எங்கள் இடத்திலிருந்து கண்ணுக்கே தெரியவில்லை, கீப்பர் கையில் விழும் சத்தம்தான் கேட்டது. அவர் 7 விக்கெட் எடுத்தார். இந்தப் பக்கம் ஒவ்வொருவராக வர, விஸ்வநாத் மட்டும் நின்றார். கடைசி ஆளாகச் சந்திரசேகர் வந்தார். மட்டைக்கும் அவருக்கும் உள்ள தூரம் ஊரறிந்தது. பக்கத்திலிருந்த பெரியவர் கையெடுத்துக் கும்பிட்டபடியே உட்கார்ந்திருந்தார். சந்திரசேகர் அவுட் ஆனபோது விஸ்வநாத் 97 நாட் அவுட், மொத்தம் 190. சதத்துக்கு மூன்று ரன் குறை. ஆனால் கூட்டம் எழுந்து கைதட்டிய விதத்தில் குறையே இல்லை. முடிவில் அந்த மேட்சை இந்தியா 100 ரன்னில் ஜெயித்தது.

இடைவேளையில் மாமி கட்டிக் கொடுத்த புளியோதரைப் பொட்டலத்தை அங்கேயே உட்கார்ந்து பிரித்தேன். இந்தப் பக்கம் ஒரு வக்கீல், அந்தப் பக்கம் ஒரு சைக்கிள் கடைக்காரர். வக்கீல் எனக்கு ஒரு முறுக்கு கொடுத்தார். சைக்கிள் கடைக்காரர் என் புளியோதரையில் பங்கு கேட்டார். யாரும் யாரையும் பின்படிக்குப் போகச் சொல்லவில்லை. பெவிலியனில் உட்காரும் தகுதி அன்றும் எனக்கு இல்லைதான். ஆனால் அந்தச் சாப்பாடு இறங்கிற்று.

இன்னொரு மேட்சையும் சொல்லாமல் முடிக்க முடியாது. 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்த குடும்பங்கள் நம் கூடலூர் பக்கம் எத்தனை என்று உங்களுக்குத் தெரியும். டான்டீ தோட்டங்கள் அவர்களுக்காகவே போடப்பட்டவை. 1982 செப்டம்பரில் இலங்கை அணி சேப்பாக்கத்தில் டெஸ்ட் ஆட வந்தது. துலீப் மெண்டிஸ் முதல் இன்னிங்ஸில் 105, இரண்டாவதிலும் 105. டீக்கடையில் எங்களோடு கேட்டுக்கொண்டிருந்தவர்களில், கண்டிப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்த ஒருவர் இருந்தார். மெண்டிஸ் இரண்டாம் முறை சதம் அடித்ததும் அவர் கை தன்னால் தட்டிவிட்டது. தட்டியபின் சட்டென்று நிறுத்தி எங்கள் முகத்தைப் பார்த்தார். பிரஜை இல்லை என்று அனுப்பிய நாட்டுக்குத்தான் அவர் கைதட்டினார், இங்கே அது தப்பாகிவிடுமோ என்று பயந்தார். கடைக்காரர் ஒன்றும் சொல்லாமல் அவருக்கு ஒரு டீ போட்டுக் கொடுத்தார்.

அந்த மனுஷருக்கு நான் அன்று சொல்லாமல் விட்ட ஒன்றை இப்போது சொல்கிறேன். சேப்பாக்கத்துக்கு இலங்கை ஆட்டக்காரர்கள் அதற்கு முன்பும் வந்திருக்கிறார்கள். 1947-ல் இலங்கைத் தமிழர் சதாசிவம் அங்கே 215 ரன் அடித்தார். 1950-களிலிருந்து கோபாலன் பெயரிலேயே ஒரு கோப்பைக்காக மெட்ராஸும் இலங்கையும் ஆடி வந்தன. அவர் கைதட்டியதில் புதுமையும் இல்லை, தப்பும் இல்லை.

1999 ஜனவரி 31 உங்களுக்கு நினைவிருக்கும். டெண்டுல்கர் முதுகுவலியோடு 136 அடித்தும், பாகிஸ்தானிடம் 12 ரன்னில் தோற்றோம். அதற்குள் நம் வீட்டுக்கு டிவி வந்துவிட்டது. அக்ரமின் ஆட்கள் மைதானத்தைச் சுற்றி ஓடி வந்தபோது சேப்பாக்கம் முழுவதும் எழுந்து நின்று கைதட்டியது. தோற்ற வருத்தத்தில் வாயடைத்திருந்த நானும் என்னையறியாமல் எழுந்து நின்றேன். அப்போது அந்த இலங்கைக்காரரைத்தான் நினைத்தேன். அவர் அதற்குள் காலமாகியிருந்தார்.

இன்று அந்த மைதானத்துக்கு எம்.ஏ.சிதம்பரம் பெயர், புதிய மாடங்கள், கண்ணைக் கூசும் விளக்குகள். பேரன்கள் மஞ்சள் சட்டை போட்டுக்கொண்டு போகிறார்கள். போகட்டும். அந்த மரத்தடியையும் ஒருநாள் அவர்களுக்குச் சொல்லி வையுங்கள். வீட்டுக்கு வேலைக்கு வருகிறவருக்கு எங்கே இலை போடுகிறோம் என்பதையும் அதோடு சேர்த்து யோசித்துக்கொள்ளலாம். நான் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.