மதிலைக் கடந்த மடல்கள்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குச் செல்லும் சாலையில், மலையடிவாரத்தை அடையுமுன், அஸ்தம்பட்டிப் பகுதியில் ஓர் உயர்ந்த மதில் நிற்கிறது. 1862ஆம் ஆண்டில் நிறுவப்பெற்ற சேலம் மத்தியச் சிறைச்சாலையின் மதில் அது. இருபது கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து, ஏறத்தாழ ஐயாயிரம் அடி உயரத்தில் சேர்வராயன் மலையின் குளிர்காற்றை நுகரப் புறப்பட்டவர்களின் கண்கள் அம்மதிலின்மீது நிலைப்பதில்லை. மாலையில் லேடீஸ் சீட் முனையில் நின்று, கீழே மின்னும் சேலம் மாநகரின் விளக்குகளைக் கண்டு மகிழ்வோரும், அவ்விளக்குகளுள் சில சிறைக்கூடத்தினுடையவை என எண்ணிப் பார்ப்பதில்லை.

ஆயினும் இதே சாலையில் எதிர்த்திசையில் பயணம் செய்வோரும் உளர். காப்பித் தோட்டத்தில் ஒரு நாள் கூலியை இழந்து, கையில் ஒரு துணிப்பையுடன் முதல் பேருந்தில் மலையிறங்கும் தாயை நாம் கண்டதுண்டு. எங்கே செல்கிறீர்கள் என்று கேட்டால், “மகனுக்கு மனுப் பார்க்கப் போகிறேன்” என்பார். சிறையிலிருப்பவரைக் காண்பதற்கு நம் மக்கள் வழங்கும் சொல் அதுதான். பெற்ற மகனின் முகத்தைக் காணவும் மனுப் போட வேண்டும் என்னும் நிலையை அச்சொல்லே உணர்த்திவிடுகிறது. ஒருகாலத்தில் அதிகாரியின் தயவாக மட்டுமே இருந்த இந்த மனு, எவ்வாறு மனிதனின் உரிமையாயிற்று என்பதை இக்கட்டுரையில் சிறிது ஆராய விழைகிறோம்.

சிறைவாசம் பற்றிப் பேசும்போது நபி யூசுஃப் (அலை) அவர்களின் வரலாறு நம் நினைவுக்கு வராமல் போகாது. குற்றமற்ற அவர்கள் சிறையில் அடைபட்டிருந்தபோது, விடுதலையாகிச் செல்லவிருந்த தோழர் ஒருவரிடம், உம் எசமானரிடம் என்னைப் பற்றி எடுத்துச் சொல்லும் என்று வேண்டினார்கள். வெளியே சென்றவரோ மறந்துவிட்டார். அந்த மறதியின் விலை, யூசுஃப் நபியவர்கள் மேலும் சில ஆண்டுகள் சிறையிலே கழித்ததாகும். கல்லால் கட்டிய சுவர் பாதிச் சிறைதான். வெளியிலிருப்போரின் மறதியே மறுபாதி என்பதை இவ்வரலாறு நமக்கு உணர்த்துகிறது.

ஆங்கிலேயர் இயற்றிய 1894ஆம் ஆண்டுச் சிறைச்சட்டம், சேலம் சிறை உட்பட இந்நாட்டுச் சிறைகளை நெடுங்காலம் ஆண்டு வந்தது. விசாரணைக் கைதிகள் தாம் விரும்புவோரை உரிய நேரத்தில், உரிய கட்டுப்பாட்டுடன் காண வழி செய்யப்பட வேண்டும் என்று அதன் 40ஆம் பிரிவு கூறியது. வழக்கறிஞரைச் சந்திக்கும்போது பிறர் உடனிருத்தல் கூடாது என்றும் அது விதித்தது. ஆனால் அடுத்த பிரிவே, காண வருவோரைச் சோதனையிடவும், சோதனைக்கு உடன்படாதவரைத் திருப்பி அனுப்பவும் சிறை அதிகாரிக்கு இடம் தந்தது. எது உரிய நேரம், எது உரிய கட்டுப்பாடு என்பதும் ஆட்சியாளரின் கையிலேயே இருந்தது.

அக்கை எவ்வளவு இறுகக்கூடும் என்பதற்கு மௌலானா அபுல் கலாம் ஆஸாத் அவர்களின் வாழ்வே சான்றாகும். 1942 ஆகஸ்டில் கைதாகி அஹ்மத்நகர்க் கோட்டையில் அடைக்கப்பட்ட அவர்கள், தம் நண்பர் ஹபீபுர் ரஹ்மான் கான் ஷெர்வானி அவர்களை விளித்து மடல்கள் வரைந்தார்கள். அவை அஞ்சலில் சேரமாட்டா என்பதை அறிந்தே எழுதினார்கள். 1943 ஏப்ரலில் அவர்களின் துணைவியார் ஜுலைகா பேகம் கல்கத்தாவில் காலமானார். மனைவி நோயுற்றிருந்த நாட்களில், அரசாங்கத்துக்குத் தெரிவிக்க விரும்புவது ஏதேனும் உண்டாயின் அனுப்பி வைப்பதாகச் சிறை அதிகாரி முன்வந்தும், ஆட்சியாளரிடம் சலுகை கேட்க மௌலானா அவர்கள் இசையவில்லை. இறுதி வரை மனைவியின் முகத்தைக் காணவும் இயலவில்லை. செல்லுமிடம் இல்லாத அம்மடல்கள் 1946இல் ‘குபாரே காத்திர்’ என நூலுருப் பெற்று, உருது உரைநடையின் அணிகலன் ஆயின. எனினும் ஓர் இலக்கியம் கிடைத்தது என்று நாம் மகிழும்போது, ஒரு கணவனுக்கும் மனைவிக்கும் மறுக்கப்பட்ட இறுதிச் சந்திப்பை மறத்தல் தகாது.

அந்நியர் ஆட்சி அகன்றபின் நிலை மாறியதா? இவ்வினாவுக்கு விடை தேட நாம் மீண்டும் அஸ்தம்பட்டி மதிலுக்கே வர வேண்டியுள்ளது.

1950 ஜனவரி 26ஆம் நாள் நம் நாடு குடியரசாயிற்று. பதினாறு நாட்கள் கழித்து, பிப்ரவரி 11ஆம் நாள், சேலம் சிறைக்குள் நடைபெற்ற துப்பாக்கிச் சூட்டில் 22 கைதிகள் மாண்டனர். பொதுவுடைமைக் கட்சி தடை செய்யப்பட்டிருந்த காலம் அது. மாண்டோருள் பெரும்பாலோர் மலபாரைச் சேர்ந்த விவசாயிகள். அன்று மலபார் சென்னை மாநிலத்தின் ஒரு மாவட்டமாக இருந்தமையால், அவ்வூர்க் கைதிகள் சேலத்தில் வைக்கப்பட்டிருந்தனர். 1946 டிசம்பரில் காவும்பாயியில் நடந்த விவசாயிகள் போராட்டத்தில் பங்கு கொண்ட தளியன் இராமன் நம்பியாரும் அவர்தம் மகனும் ஒரே நேரத்தில் அங்கிருந்தனர். தந்தை உயிர் துறந்தார்; மகன் குண்டுக் காயங்களுடன் உயிர் பிழைத்தார்.

வடமலபாரின் சிற்றூர் ஒன்றிலிருந்து, மொழி வேறுபட்ட இச்சேலத்துக்கு, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் கடந்து ஓர் ஏழை விவசாயியின் மனைவி மனுப் பார்க்க வருவது எத்துணை அரிது என்பதை எண்ணிப் பாருங்கள். உறவினரின் வருகை அருகிய இடத்தில் கேள்வி கேட்போரும் அருகிவிடுகின்றனர். பூட்டிய கதவுக்குப் பின்னே நிகழ்வதற்குச் சாட்சி சொல்ல, உள்ளே இருப்போரைத் தவிர வேறு எவருளர்?

அதே ஆண்டில் மற்றொரு மலபார்க் கைதியின் குரல் டெல்லியை எட்டியது. 1947 டிசம்பர் முதல் காவலிலிருந்த ஏ.கே. கோபாலன், தடுப்புக் காவல் சட்டத்தை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் மனுச் செய்தார். அச்சட்டத்தின் 14ஆம் பிரிவு விந்தையானது. தன்னைக் காவலில் வைத்ததற்கான காரணங்களாகத் தனக்குத் தெரிவிக்கப்பட்டவற்றைக் கைதி நீதிமன்றத்திலும் வெளியிடலாகாது என அது தடுத்தது. 1950 மே 19இல் தீர்ப்பளித்த ஆறு நீதிபதிகளும் அப்பிரிவு செல்லாது என்றனர். ஆனால் சட்டத்தின் எஞ்சிய பகுதி நிலைத்தது. கோபாலனின் மனுவும் தள்ளப்பட்டது. அவருக்கு விடுதலை அளிக்க வேண்டும் எனப் பெரும்பான்மையினின்று வேறுபட்டுத் தீர்ப்பெழுதியவர்களுள் நீதிபதி சையத் ஃபஸ்ல் அலீ அவர்கள் ஒருவர். ஒருவருடைய உரிமையைப் பறிக்குமுன் அவருக்கு அறிவிப்புத் தரவும், அவர் கூற்றைச் செவிமடுக்கவும் வேண்டும் என்னும் இயற்கை நீதியை அவர்கள் வலியுறுத்தினார்கள். அன்று அக்கருத்துத் தனித்து நின்றது. 1978ஆம் ஆண்டு மேனகா காந்தி வழக்கில்தான் நீதிமன்றம் அப்பாதைக்குத் திரும்பியது.

அடுத்து, ஒரு சிறு கடிதம் பெரிய கதவைத் திறந்த நிகழ்ச்சியைக் காண்போம். டெல்லி திகார் சிறையில் தூக்குத் தண்டனை பெற்றிருந்த சுனில் பத்ரா, உச்ச நீதிமன்ற நீதிபதி ஒருவருக்கு மடல் எழுதினார். தம் துயரை அவர் எழுதவில்லை. மற்றொரு கைதியைச் சிறைக் காவலர் வதைத்ததையும், காண வரும் உறவினரிடமிருந்து பணம் பறிப்பதற்காகவே அவ்வதை நடந்தது என்பதையும் எழுதினார். முத்திரைத்தாளும் வழக்கறிஞரும் இல்லாத அம்மடலையே நீதிமன்றம் ஆட்கொணர்வு மனுவாக ஏற்றது. 1979 டிசம்பரில் தீர்ப்பு வழங்கிய நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் தாமும் 1948இல் ஒரு மாதம் காவலில் இருந்தவர். உற்றாரின் வருகை சிறையாளிக்கு ஆறுதல் மட்டுமன்று, அவனுடைய உரிமையும் ஆகும் என்பது அத்தீர்ப்பின் சாரம்.

1981 ஜனவரியில் வந்த தீர்ப்பு இதற்கு மேலும் உறுதி சேர்த்தது. டெல்லியில் தடுப்புக் காவலிலிருந்த பிரிட்டிஷ் பெண்மணி ஒருவருக்கு, ஐந்து வயது மகளை மாதம் ஒரு முறை மட்டுமே காண அனுமதி இருந்தது. வழக்கறிஞரைச் சந்திப்பதாயின் சுங்க அதிகாரி உடனிருத்தல் வேண்டும். இவ்விதிகள் அரசமைப்புக்கு முரணானவை என நீதிமன்றம் அறிவித்தது. உயிர் வாழும் உரிமை என்பது உயிரைத் தாங்கிக்கொண்டிருப்பது மட்டுமன்று, மானத்தோடு வாழ்வதாகும். குடும்பத்தாரையும் நண்பரையும் காண்பது அதில் அடங்கும் என்றது. விசாரணைக் கைதிகளுக்கு உள்ளதுபோல் வாரம் இரு சந்திப்புகள் வேண்டும் என்றும் கூறியது. நீதிபதி பகவதி எழுதிய அத்தீர்ப்பில் உடனமர்ந்தவர் நீதிபதி சையத் முர்தஸா ஃபஸ்ல் அலீ ஆவார். 1950இல் மாறுபட்டுத் தீர்ப்பெழுதிய ஃபஸ்ல் அலீ அவர்களின் மைந்தர் அவர். தந்தை விதைத்ததன் நிழலில் மகன் அமர்ந்த காட்சி, நம் நீதி வரலாற்றில் நினைவில் நிறுத்தத்தக்கது.

2020ஆம் ஆண்டுப் பெருந்தொற்றின்போது தமிழகச் சிறைகளில் நேர்காணல் நிறுத்தப்பட்டு, காணொளி அழைப்புக்கு வழி செய்யப்பட்டது. கம்பி வலைக்கு அப்பாலிருந்த முகம் கைபேசித் திரையில் தோன்றிற்று. கருவி மாறலாம், தேவை மாறவில்லை.

சட்டம் கதவைத் திறந்து வைக்கலாம். அதன் வழியே உள்ளே செல்ல வேண்டியவர் உறவினரும் நண்பருமே. ஒருவன் சிறை சென்றான் என்றதும் அவன் பெயரைச் சொல்லவும் கூசும் குடும்பங்கள் நம்மிடையே உண்டு. திருமண அழைப்பில் அவன் பெயர் விடுபடும்; பெருநாள் அன்று அவனை எவரும் குறிப்பிடமாட்டார்கள். அவன் செய்த குற்றத்துக்குத் தண்டனை அளிக்க நீதிமன்றம் உண்டு. மறதி என்னும் தண்டனையை விதிக்க நமக்கு அதிகாரம் அளித்தவர் எவர்? மடல் வரும் கைதியிடம் காவலரும் சற்று எச்சரிக்கையாய் நடந்துகொள்வர். அவனுக்காகக் கேட்க வெளியே ஒருவர் இருக்கிறார் என்பதை அம்மடல் ஓசையின்றி அறிவித்துவிடுகிறது.

மலையிறங்கி வந்த அந்தத் தாய்க்கு இத்தீர்ப்புகளின் பெயர்கள் தெரியா. மனுப் பார்த்துத் திரும்பும் வழியில் அவர் நம்மிடம் கூறியது இவ்வளவே: “அடுத்த முறை வருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். அந்த நாளை எண்ணிக்கொண்டிருப்பான்.” யூசுஃப் நபியவர்களின் சிறைத்தோழர் மறந்த கடமையை, எழுத்தறியாத அந்த மாது மறக்கவில்லை. ஏற்காட்டுச் சாலையில் அடுத்த முறை செல்லும்போது, அம்மதிலை ஒரு கணம் நோக்குங்கள். உள்ளே உங்களுக்கு அறிமுகமானவர் எவரேனும் இருப்பின், இன்றே ஒரு மடல் எழுதுங்கள்.